நிலைப்படிக்கு இந்தப் பக்கம்

இலக்குக்கூடம் தூத்துக்குடிக்கு வந்த புதிதில் உள்ளே போன எல்லோரும் ஒரே பதிலைத்தான் சொன்னார்கள். வாழ்க்கையில் என்ன வேண்டும் என்று கேட்டால், நல்லா இருக்கணும் என்றார்கள். அந்தப் பதிலை அங்கிருந்த இயந்திரம் எடுத்துக்கொள்ளாது. நல்லா என்றால் என்ன, அதை யார் செய்வது, எது நடந்தால் அது முடிந்துவிட்டது என்று வைத்துக்கொள்வது என்று மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் பொறுமையாகத் திருப்பிக் கேட்டார்கள். உப்பளத்து ஆள் ஒருவர், "நல்லா இருக்கதுன்னா நல்லா இருக்கதுதான், அதுக்கு மேல அதுல என்னம்மா இருக்கு" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டாராம். ஊரே அதைச் சொல்லிச் சிரித்தது. அவருக்கு அதன்பிறகு எங்கும் வேலை கிடைக்கவில்லை என்பதை மட்டும் சிரிக்காமல் சொன்னார்கள்.

பதில் தெளிவாக இருந்தால் காதுக்குப் பின்னால், எலும்பை ஒட்டி, ஒரு சிறிய மணியை வைத்துவிடுவார்கள். அதற்கு நீளமான பெயர் ஒன்று உண்டு. ஊரில் அதைக் கடுகு என்றார்கள். கடுகு வலிக்காது, அதட்டாது, இதைச் செய் என்று சொல்லாது. சொன்ன இலக்கை நோக்கிப் போகும்வரை ஆள் எப்போதும்போல இருப்பார். வேறு பக்கம் திரும்பினால், திரும்பிய பக்கத்தில் ருசி இருக்காது. அவ்வளவுதான். மீன்குழம்பு வெந்நீர்போல இருக்கும். சிநேகிதி பேசுவது பக்கத்து வீட்டு டிவிபோலக் கேட்கும். இலக்கு முடிந்த நிமிடம் கடுகு தானாக அடங்கும், எல்லாம் திரும்பி வரும். முடியாவிட்டால் அடங்காது. வைத்த சில வாரங்களில் நரம்போடு பிணைந்துவிடுவதால் வெளியே எடுக்கவும் முடியாது.

இளவட்டங்கள் எதிலும் நிலைக்காமல் திரிந்த ஒரு காலம் இருந்ததாம். அதற்கு மருந்தாக இது வந்தது என்றார்கள். பத்தொன்பது வயதில் எல்லோரும் வைத்துக்கொள்ள வேண்டும். கல்லூரியிலும் வேலை கொடுக்கும் இடத்திலும் காதைத்தான் முதலில் பார்த்தார்கள். பெண் பார்க்க வருகிறவர்கள் ஜாதகத்துக்கு முன்னால், பெண் என்ன சொல்லியிருக்கிறது என்று கேட்டார்கள்.

ஜெயக்கனிக்கு அந்த வயது வந்தபோது பதில் தயாராக இருந்தது. அவளுடைய அப்பா சுயம்புலிங்கம் உப்பு லாரி ஓட்டிக்கொண்டிருந்தவர். ஒருநாள் லாரியை ஓரங்கட்டிவிட்டு இறங்கப்போனவர் இடது பக்கம் செயலிழந்து விழுந்தார். அம்மா முன்பே போய்ச் சேர்ந்துவிட்டதால், பத்தாவது படித்துக்கொண்டிருந்த கனி பள்ளியை விட்டுவிட்டு வீட்டில் இருந்தாள். துணி காயப்போட மொட்டை மாடிக்கு ஏறும்போது துறைமுகத்துக் கிரேன்கள் தெரியும். கழுத்தை நீட்டிக் கப்பலுக்குள் குனிந்து, ஒரு வீட்டளவு பெட்டியைப் பூவைக் கிள்ளுவதுபோல எடுக்கும். அந்த உயரத்தில் ஒரு கண்ணாடி அறை இருந்தது. அதற்குள் ஓர் ஆள் உட்கார்ந்திருக்கிறார் என்று தெரிந்த நாளிலிருந்து அவளுக்கு வேறு யோசனை இல்லை.

கிரேன் ஓட்டப் பழகி, ஒரு கப்பலிலிருந்து ஒரு பெட்டியை என் கையால் தரையில் இறக்குவேன். துணி பிழியும்போது இந்த வாக்கியத்தைச் சொல்லிப் பார்ப்பாள். யார் செய்வது என்பது அதில் இருந்தது. எங்கே முடியும் என்பதும் இருந்தது. பெட்டி தரையைத் தொட்டால் முடிந்தது. கடுகில் இப்படி இருந்தால் துறைமுகப் பயிற்சியில் பத்தாவது முடித்தாயா என்று கேட்க மாட்டார்கள். யாரும் குறை சொல்ல முடியாத வாக்கியம் அது.

சொல்ல வேண்டிய இடம்தான் கோளாறாகிப் போனது. இலக்குக்கூடத்தில் முதலில் தனித்தனி அறைகள் கட்டியிருந்தார்கள். வயசுப் பெண்ணை முன்பின் தெரியாதவர்களோடு கதவடைத்த அறைக்குள் அனுப்ப மாட்டோம் என்று ஊர்க்காரர்கள் சண்டை போட்டதில், கதவுகளைக் கழற்றிவிட்டுப் பின்னால் பிளாஸ்டிக் நாற்காலிகள் போட்டார்கள். சொந்தபந்தம் எல்லாம் அதில் உட்கார்ந்து கேட்கலாம். கல்யாண வீடுபோலப் புடவை கட்டிக்கொண்டு வந்தார்கள்.

கனியோடு அப்பாவும் சக்கர நாற்காலியில் வந்தார். அவருடைய அக்கா சிவனம்மாளும் வந்தாள். ஆட்டோவில் வரும்போதே அத்தை கனியின் தொடையில் கை வைத்து, காதோரம் குனிந்து சொன்னாள்.

"மனசுல இருக்கத நாலு பேரு முன்னால வாய்விட்டுச் சொல்லிராத. கண்ணு பட்டுரும். வாயில வாரத என்னத்தையாவது ஒண்ணு சொல்லி வை. உள்ளுக்குள்ள உன் பாட்ட நெனச்சுக்கோ. தெரிய வேண்டியவருக்குத் தெரியும்."

கனிக்கு இது புதிதல்ல. பரீட்சைக்கு எப்படி எழுதினாய் என்று கேட்டால் சுமார் என்றுதான் சொல்ல வேண்டும். வேலைக்கு நேரில் பார்க்கப் போகிறவர் கடைக்குப் போகிறேன் என்றுதான் கிளம்ப வேண்டும். ஆசைப்பட்டதை வெளியே சொன்னால் அது கெட்டுப்போகும் என்பது அந்தத் தெருவில் பால் குடிக்கிற பிள்ளைக்கும் தெரியும்.

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் பெயர் பெனடிக்டா. கேள்வியைக் கேட்டார். கனி பின்னால் திரும்பிப் பார்த்தாள். நாற்காலிகளில் எத்தனை கண்கள் இருந்தன என்று எண்ண முடியவில்லை. மனதுக்குள் கிரேனைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் பட்ட முதல் ஆளைச் சொன்னாள்.

"எங்கப்பா நடக்கணும்."

பெனடிக்டாவுக்குத் தன் வேலையில் அக்கறை அதிகம். அப்பா நடப்பது அப்பாவின் முயற்சி, உன்னுடையது என்ன என்று கேட்டார். நான் நடக்கவைப்பேன் என்றாள் கனி. எப்படி? கையைப் பிடித்து. எதுவரைக்கும்? கனிக்குத் தோன்றவில்லை. பின்னாலிருந்து யாரோ, வாசல் வரைக்கும் என்று எடுத்துக்கொடுத்தார்கள். வாசல் என்றால் உள்ளேயா வெளியேயா என்று பெனடிக்டா கேட்டார். இப்படிக் கேட்டுக் கேட்டு, அரைமணி நேரத்தில் ஒரு வாக்கியம் உருவானது: என் அப்பாவை, அவர் காலாலேயே நடக்கவைத்து, கையைப் பிடித்து, வீட்டு நிலைப்படியைத் தாண்டி வெளியே கூட்டிவருவேன். இவ்வளவு தெளிவாக இந்த மாதத்தில் யாரும் சொன்னதில்லை என்று பெனடிக்டா மனதாரப் பாராட்டினார்.

சுயம்புலிங்கம் வாய் கோணியிருந்த பக்கம் எச்சில் வடிய அழுதார். கூடத்தில் கைதட்டினார்கள். யாரோ படம் எடுத்துப் போட்டதில் ஊர் முழுவதும் பரவியது. பெற்றால் இப்படிப் பெண்ணைப் பெற வேண்டும் என்று தெருமுனையில் பேனர் வைத்தார்கள். அதில் கனியின் முகம் வேறு யாருடையதோபோல வெளுத்திருந்தது.

அன்று கடுகு வைத்துக்கொண்டு திரும்பி வரும்போது ஆட்டோ துறைமுகச் சாலை வழியாக வந்தது. கனி ஆவலோடு எட்டிப் பார்த்தாள். இரும்பு தெரிந்தது. மஞ்சள் பெயின்ட் அடித்த இரும்பு. அது அசைந்தது. எதற்கு இதை இவ்வளவு நாள் பார்த்தோம் என்று யோசித்தாள். யோசிக்கவும் அலுப்பாக இருந்தது. நாற்காலியில் அப்பாவின் இடது கால் ஒரு பக்கமாகச் சரிந்திருந்ததைக் கவனித்தாள். அதை நேராக எடுத்து வைத்தபோது நெஞ்சுக்குள் சுக்குக்காப்பி இறங்கியதுபோல இதமாக இருந்தது. தெரிய வேண்டியவருக்கு வேண்டுமானால் உள்ளே இருந்தது தெரிந்திருக்கலாம். கடுகுக்குக் காது மட்டும்தான் இருந்தது.

அதன்பிறகு அவளுக்கு உலகம் அப்பாவின் இடுப்பிலிருந்து பாதம் வரைக்கும்தான். காலையில் எண்ணெய் தேய்ப்பாள். முழங்காலை மடக்கி நீட்டுவாள். மரச்சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கவைப்பாள். அப்போதெல்லாம் சோறு சோறாக இருந்தது, காற்று காற்றாக இருந்தது. அவர் அசந்து தூங்கிவிட்டால் எல்லாம் வற்றிவிடும். சில நாள் அவர் கெஞ்சுவார், இன்றைக்கு வேண்டாம், வலிக்கிறது என்று. அவளுக்குப் பாவமாக இருக்கும். ஆனால் பாவம் பார்த்து உட்கார்ந்தால் பத்து நிமிடத்தில் அந்தப் பாவமே ருசியற்றுப் போய்விடும். எழுந்து அவர் காலைப் பிடிப்பாள்.

ஏமாற்றவும் பார்த்தாள். ஆட்டோக்காரரை ஒரு பக்கம் தாங்கச் சொல்லி, தான் ஒரு பக்கம் தாங்கி, அப்பாவை நிலைப்படிக்கு வெளியே கொண்டுபோனாள். அவர் கால்கள் தரையில் இழுபட்டுக்கொண்டு வந்தன. கடுகு அசையவில்லை. நடந்தார் என்று அவளாலேயே நம்ப முடியாதபோது, அவள் தலைக்குள் இருந்த கடுகு எப்படி நம்பும்.

தெருமுனையில் டீக்கடைப் பலகையில் லூர்துசாமி எப்போதும் உட்கார்ந்திருப்பான். தம்பியைக் கடல் நீச்சலில் ஜெயிப்பேன் என்று சொல்லிக் கடுகு வைத்துக்கொண்டவன். தம்பி அடுத்த மாதமே புயலில் போய்விட்டான். ஜெயிக்க ஆள் இல்லை. கையில் கொடுத்த டீ ஆறிப்போகும். கடைக்காரர் குடி என்று சொன்னால் குடிப்பான். அவன் முகத்தில் சோகம்கூட இருக்காது. கனி அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் அவனைப் பார்ப்பாள். அப்பாவுக்குச் சர்க்கரை உண்டு, நெஞ்சுவலியும் ஒருதரம் வந்திருந்தது. அவர் படுக்கையிலேயே போய்விட்டால் டீக்கடைப் பலகையில் தனக்கும் ஓர் இடம் உண்டு என்று அவளுக்குத் தெரியும்.

இரண்டு வருடத்தில் அவர் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு வாக்கரைத் தள்ளிக்கொண்டு அடுக்களை வரை போனார். இதோ வாசல் என்று கனி நினைத்தபோது, நின்றுவிட்டது. நிலைப்படியை நெருங்கும்போதெல்லாம் அவருக்குக் கால் மடங்கியது. "முட்டி பிடிக்க மாட்டேங்கு கனி," என்று சொல்லி உட்கார்ந்துவிடுவார். டாக்டர் தட்டிப் பார்த்துவிட்டு, எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது, மனதில் பயம் இருக்கும் என்றார். சிவனம்மாள் அத்தை தினமும் வந்து தம்பியின் பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். அவசரப்படாதே, உயிர் இருந்தால் போதும் என்று அவருக்கு விசிறிக்கொண்டே சொல்வாள். இப்படியே மூன்றாவது வருடமும் போனது.

ஒருநாள் மதியம் கனி மருந்து வாங்கக் கிளம்பினாள். ஊரில் திடீரென்று கடையடைப்பு. பாதி வழியிலேயே திரும்பிவிட்டாள். சந்து வழியாக வந்தால் அடுக்களை ஜன்னலைத் தாண்டித்தான் வாசலுக்கு வர வேண்டும். ஜன்னலுக்குள் அப்பா நின்றுகொண்டிருந்தார். வாக்கர் இல்லை. நுனிக்காலில் எம்பி, மேல் தட்டிலிருந்து மக்ரூன் டப்பாவை எடுத்தார். சர்க்கரைக்காரர் கைக்கு எட்டக் கூடாது என்று கனி அங்கே ஒளித்து வைத்திருந்த டப்பா. இரண்டை வாயில் போட்டுக்கொண்டார். டப்பாவைத் திரும்ப வைத்தார். லேசாக விந்தி விந்தி, ஆனால் யாருடைய தயவும் இல்லாமல், கூடத்துக்கு நடந்தார். படுக்கையில் ஏறினார். வாக்கரை அது இருந்த இடத்துக்கு இழுத்து வைத்தார். கடைசியாகத் தன் இடது காலைக் கையாலேயே எடுத்து, கனி விட்டுப்போன கோணத்தில் சாய்த்து வைத்துக்கொண்டார்.

கனி சந்தில் நின்றாள். கோபப்பட வேண்டும் என்று தெரிந்தது. அதைத் தேடினாள். கோபம் வர வேண்டிய இடத்தில் சந்தோஷம் பொங்கியது. நடக்கிறார், அப்பா நடக்கிறார், நிலைப்படி இதோ இருக்கிறது என்று உடம்பெல்லாம் இனித்தது. என்னை ஏமாற்றிவிட்டார் என்று வாயால் சொல்லிப் பார்த்தாள். அந்தச் சொற்கள் சாந்துபோல உப்புச்சப்பில்லாமல் நாக்கில் கிடந்தன. தனக்கு நடந்த அநியாயத்துக்காகக் கோபப்படக்கூட இந்தத் தலைக்குள் அனுமதி இல்லை என்று அவளுக்கு அப்போதுதான் முழுதாக விளங்கியது.

அந்த வாரம் பெனடிக்டா வந்தார். நெடுநாள் முடியாத இலக்குகளை வீட்டுக்கு வந்து பார்ப்பது வழக்கம். சுயம்புலிங்கம் கண்ணை மூடிப் படுத்திருந்தார். கனி பெனடிக்டாவை மாடிக்குக் கூட்டிப்போனாள். தான் பார்த்ததைச் சொல்லவில்லை. இது முடிந்த பிறகு தனக்கு அப்பா மேல் என்ன மிஞ்சும் என்று கேட்டாள்.

"என்ன இருக்கோ அது மிஞ்சும்மா," என்றார் பெனடிக்டா. "கடுகு எதையும் கூட்டாது. மத்ததைக் குறைக்கும், அவ்வளவுதான். அஞ்சு விளக்குல நாலை அணைச்சா மிச்சம் ஒண்ணு பளிச்சுன்னு தெரியும். அதுக்காக அதுல எண்ணெய் கூடிருச்சுன்னு இல்ல."

"நாலும் திரும்ப எரிஞ்சா?"

"அப்பத்தான் தெரியும். சிலருக்கு அந்த ஒண்ணு விளக்கே இல்லன்னு தெரிஞ்சிருக்கு. சிலருக்கு அப்படி இல்ல. நாங்க அதைக் கணக்கெடுக்கிறதில்ல."

கனி கொடிக்கயிற்றைப் பிடித்துக்கொண்டாள். அன்றைக்கு நான் சொன்னது பொய் என்றாள். மூன்று வருடத்தில் முதல்தடவையாக அதை ஒருவரிடம் சொன்னாள். பெனடிக்டா ஆச்சரியப்படவில்லை.

"தெரியும். சொல்றதுக்கு முன்னால திரும்பிப் பார்த்தியே. பாதிப் பேர் அப்படித் திரும்பிப் பார்த்துட்டுத்தான் சொல்றாங்க. தெளிவா இருக்கான்னு பார்க்கிறது என் வேலை. உண்மையான்னு கேட்கிற கேள்வி எங்ககிட்ட இல்லம்மா."

அவர் போன பிறகு கனி எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அப்பாவின் காலடியில் உட்கார்ந்தாள். தேய்க்கவில்லை. மக்ரூன் டப்பா மேல் தட்டில் இருந்தது, நீங்கள் எம்பி எடுத்தீர்கள் என்று மட்டும் சொன்னாள்.

சுயம்புலிங்கம் மின்விசிறியைப் பார்த்தார். "சுகருக்கு ஆகாதுன்னு தெரியும்," என்றார். அவள் சிரிக்கவில்லை. அவரும் பிறகு சிரிக்க முயலவில்லை. மெதுவாகச் சொன்னார். கால் சரியாகி ஒரு வருடமாகிறது. அக்காதான் வேண்டாம் என்றாள். சிவனம்மாளின் மகன் ராஜதுரை, அம்மாவுக்கு மாடிவீடு கட்டிக் குடிவைப்பேன் என்று சொல்லிக் கடுகு வைத்துக்கொண்டவன். வேலை நடந்த காலமெல்லாம் அம்மா அம்மா என்று காலைச் சுற்றினான். பால் காய்ச்சிய அன்று, பால் பொங்கி வழிந்த நிமிடத்தில், கடுகு அடங்கியது. அடுப்புக்கு அந்தப் பக்கம் நின்ற அம்மாவை, பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரரைப் பார்ப்பதுபோலப் பார்த்தானாம். சாயங்காலமே கிளம்பிப் போனவன் இன்றுவரை ஒரு போன் பண்ணவில்லை. அந்த வீட்டின் கீழ்த்தளத்து ஓர் அறையில்தான் சிவனம்மாள் இருக்கிறாள். மற்ற அறைகளைப் பூட்டி வைத்திருக்கிறாள்.

"நீ என் காலத் தொடும்போது உன் மூஞ்சில ஒரு வெளிச்சம் வரும் கனி," என்றார் சுயம்புலிங்கம். "எனக்குன்னு மிச்சம் இருக்கது அது ஒண்ணுதான். இந்தப் படியத் தாண்டினா அது அணைஞ்சிரும்."

"நீங்க படுக்கையிலயே போயிட்டா? நான் லூர்துசாமி மாதிரி உக்காந்திருப்பேம்ப்பா. அத நெனச்சியளா?"

"நெனச்சேன். தெனமும் நெனச்சேன். சரி, நாளைக்கு நடந்துருவோம்னு முடிவு பண்ணுவேன். விடிஞ்சா நீ சிரிச்சுக்கிட்டே காப்பி கொண்டாருவ." அவர் குரல் இறங்கியது. "ஊருல அம்புட்டுப் பிள்ளையளும் வேலைன்னு சொல்லிச்சு, வெளிநாடுன்னு சொல்லிச்சு. நீ என்னையச் சொன்ன. எந்த அப்பனுக்குக் கெடைக்கும்? அத ஒரு வருஷம் கூட வச்சுக்கிடணும்னு தோணிட்டு."

கனிக்கு அப்போது சொல்ல வேண்டியது எது என்று தெரிந்துவிட்டது. தெரிந்த உடனே நெஞ்சில் அந்த இதம் இறங்கியது. அதுதான் அவளைப் பயமுறுத்தியது. உண்மையைச் சொல்லப்போகிறோமா, அல்லது இதைச் சொன்னால் இவர் எழுந்துவிடுவார் என்பதற்காகச் சொல்லப்போகிறோமா? இரண்டுக்கும் நடுவே கோடு எங்கே இருக்கிறது என்று தேடிப் பார்த்தாள். கடுகு அதை அழித்திருந்தது.

"நான் சொல்ல நெனச்சது உங்களையில்லப்பா," என்றாள். "துறைமுகத்துல கிரேன் ஓட்டணும்னு நெனச்சிருந்தேன். ஆளுங்க இருந்தாங்க, கண்ணு பட்டுரும்னு அத்தை சொன்னா. சட்டுன்னு வாயில வந்தது நீங்க."

சுயம்புலிங்கம் கால்களைக் கீழே போட்டார். வாக்கரை ஓரமாகத் தள்ளினார். அவளைப் பார்க்காமல், கூடத்தைக் கடந்து விறுவிறு என்று நடந்தார். நிலைப்படியில் ஒரு கை வைத்தார். தாண்டினார். தெருவில் இறங்கி, முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்.

கனி காதுக்குப் பின்னால் விரலை வைத்துக்கொண்டு காத்திருந்தாள். ஒன்றும் நடக்கவில்லை. எதிர்வீட்டுச் சுவர் அட்டையில் வரைந்ததுபோல அப்படியே இருந்தது.

"கையப் பிடிச்சுன்னு சொல்லிருக்கேன்ப்பா," என்றாள் உள்ளேயிருந்து.

அவர் திரும்பினார். "அதையும் சேத்தா சொல்லி வச்ச?"

"அந்த மேடம் கேட்டாங்க."

சுயம்புலிங்கத்துக்குச் சிரிப்பு வந்து மூக்கு வழியாகப் போனது. திரும்ப உள்ளே வருவது அவ்வளவு எளிதாக இல்லை. கோபத்தில் தாண்டிய படியை இப்போது சுவரைப் பிடித்து ஏற வேண்டியிருந்தது. கால் நிஜமாகவே நடுங்கியது. கட்டிலில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். கனி கொண்டுவந்து கொடுத்தாள். அவர் குடித்து முடிக்கும்வரை பக்கத்தில் நின்றாள். அவர் மாட்டேன் என்று சொல்லிவிட்டால் செய்வதற்கு ஒன்றும் இல்லை. செம்பு காலியான பிறகும் அவர் அதைக் கீழே வைக்கவில்லை.

"தாண்டின பொறவு என்னைய எப்படிப் பாப்ப?"

"தெரியாதுப்பா."

"அப்பன்தானே, பொய்யாவது சொல்லேன்."

"ஒரு தடவ சொன்னதே போதும்."

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். செம்பைத் தரையில் வைத்தார். இடது கையை நீட்டினார். வாதம் வந்ததில் கடைசியாக உயிர் திரும்பிய கை அது. விரல்கள் இன்னும் முழுதாக விரியாது. கனி அதைப் பிடித்தாள்.

மெதுவாகத்தான் போனார்கள். வழியில் அவர் ஒருமுறை நின்றார். கனி இழுக்கவில்லை. இழுக்க வேண்டும்போல உடம்பெல்லாம் தவித்தது; பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். அவராகவே மறுபடி நடந்தார். வலது காலை வெளியே வைத்தார். இடது காலைத் தூக்கி, நிலைப்படியில் உரசி, வெளியே வைத்தார்.

காதுக்குப் பின்னால் ஒரு கொசு பறந்துபோனதுபோல இருந்தது.

பிறகு எல்லாம் ஒரே நேரத்தில் வந்தது. உப்புக்காற்றும் கருவாட்டு நாற்றமும் முகத்தில் அடித்தன. எங்கோ குக்கர் விசிலடித்தது. தன் கையிலிருந்து வந்த நல்லெண்ணெய் வாடை குமட்டியது. மூன்று வருடமாக அது தனக்குப் பிடிக்கவே இல்லை என்று இப்போதுதான் தெரிந்தது. முதுகு வலித்தது. பசித்தது. எல்லாவற்றுக்கும் பின்னால், வர வழியில்லாமல் இத்தனை நாள் எங்கோ அடைந்து கிடந்த கோபம் வந்தது. கனி கையை உதறி விடுவித்துக்கொண்டாள்.

"ஒரு வருஷம்," என்றாள். குரல் உயரவில்லை. "கால் மடங்குது, முட்டி பிடிக்கலன்னு. நான் ஒவ்வொரு நாளும் உங்களத் தாங்கித் தாங்கிப் படுக்க வச்சேன். எந்திச்சு மக்ரூன் தின்னுருக்கிய."

சுயம்புலிங்கம் பிடிமானமில்லாமல் தெருவில் நின்றார். பயத்தோடுதான் அவள் முகத்தைப் பார்த்தார். ராஜதுரையின் முகத்தில் அன்று ஒன்றுமே இருக்கவில்லை என்று அக்கா பலதடவை சொல்லியிருக்கிறாள். இந்த முகம் சிவந்து, மூக்கு விடைத்து, உதடு துடித்துக்கொண்டிருந்தது. அவளுடைய அம்மாவுக்குக் கோபம் வந்தால் இப்படித்தான் இருக்கும். அவர் பார்வையை எடுக்கவில்லை.

"இன்னும் ஏசு," என்றார்.

"ஏசுவேன். இப்ப முடியாது."

அவள் தெருவில் இறங்கி நடந்தாள். செருப்பு போடவில்லை. மாடிவீட்டு வாசலில் நின்றிருந்த சிவனம்மாள் அத்தை முதலில் தம்பியைப் பார்த்தாள், படிக்கு வெளியே, யாரும் பிடிக்காமல். பிறகு தன்னைத் தாண்டிப் போகிறவளைப் பார்த்தாள்.

"ஏட்டி, எங்க போற?"

கனி நின்றாள். மூன்று வருடமாக யார் எப்போது கேட்டாலும் அவளிடம் பதில் இருந்தது. தேடிப் பார்த்தாள்.

"தெரியல அத்தை."

"எப்ப வருவ?"

"அதுவும் தெரியல."

தார் ரோடு சுட்டது. நிழல் இருந்த பக்கத்துக்கு மாறி நடந்தாள்.